ஒரு படி தவிடும் ஒரு பெயரும்

ஓய்வூதியத்துக்காக ஆண்டுக்கொரு முறை நாம் நிரப்பும் படிவத்தில் ஒரு கட்டம் இருக்கிறது. 'வேறு பெயர்கள் இருப்பின்' என்று கேட்கும். உங்களில் பெரும்பாலோர் அதைக் கவனித்திருக்க மாட்டீர்கள். ஒரு கோடு இழுத்துவிட்டு அடுத்த கட்டத்துக்குப் போயிருப்பீர்கள். நானும் கோடுதான் இழுக்கிறேன். ஆனால் ஒவ்வொரு தடவையும் அந்த இடத்தில் பேனா கொஞ்சம் நிற்கிறது. பக்கத்தில் இருப்பவர், கண்ணாடி எடுத்து வரவில்லையா என்று கேட்கிறார்.

எனக்கு வேறு பெயர் இருந்தது, பத்து வயது வரைக்கும். அதை இங்கே எழுதப்போவதில்லை. அது இப்போது இன்னொருத்தியுடையது. அர்த்தத்தை மட்டும் சொல்கிறேன். தெலுங்கில் அதற்குக் குப்பைமேடு என்று பொருள்.

நாங்கள் பிள்ளையார்பாளையத்தில் குடியிருந்தோம். தெரு முழுக்கத் தறி. காஞ்சிபுரத்தில் பெயருக்கு யாரும் மண்டையை உடைத்துக்கொண்டதில்லை என்பது உங்களுக்கும் தெரியும். கோயிலுக்குள் யார் இருக்கிறார்களோ அவர்களுடைய பெயர்தான் வீட்டுக்குள்ளும். தெருமுனையில் நின்று ஏகாம்பரம் என்று கூப்பிட்டால் நாலு தறியாவது நிற்கும். காமாட்சிகளுக்கோ கணக்கே இல்லை. கிணற்றடிக் காமாட்சி, மாடிவீட்டுக் காமாட்சி, ஒத்தைச்சடைக் காமாட்சி என்று பிரித்துத்தான் தபால்காரர் கடிதம் கொடுப்பார். எங்கள் எதிர்வீடு மட்டும் தெலுங்கு பேசும் நெசவுக்காரர்கள் வீடு. எங்கள் அப்பா பெயருக்கு முன்னால் ஒற்றை எழுத்து இருந்தால், எதிர்வீட்டுக்காரர் தன் பெயருக்கு முன்னால் ஒரு முழு வார்த்தை எழுதுவார். அது அவர்களுடைய வீட்டுப்பெயர். அவர்கள் முன்னோர் விட்டுவந்த ஏதோ ஓர் ஊரின் பெயராம். அந்த ஊரை அவரும் பார்த்ததில்லை, அவருடைய அப்பாவும் பார்த்ததில்லை. பார்க்காத ஊரை ஒருவர் ஏன் கையெழுத்தில் தூக்கிக்கொண்டு திரிகிறார் என்று எனக்கு அப்போது புரியவில்லை.

இத்தனை காமாட்சிகளுக்கு நடுவில் எனக்கு மட்டும் ஏன் அந்தப் பெயர் என்பதைத் தெருவே கதையாகச் சொல்லும். எனக்கு முன்னால் அம்மாவுக்குப் பிறந்த மூன்றும் தக்கவில்லை. நான்காவதாக நான் பிறந்ததும் மருத்துவச்சி ஒரு வழி சொன்னாள். பிள்ளையை முறத்தில் கிடத்திக் குப்பைமேட்டில் வைத்துவிட வேண்டும். அந்த வழியாக வரும் ஒருத்தி அதைக் கண்டெடுக்க வேண்டும். பெற்றவள் அவளிடம் ஒரு படி தவிட்டைக் கொடுத்து, கண்டெடுத்த பிள்ளையை விலைக்கு வாங்கிக்கொள்ள வேண்டும். எடுத்தவளே பெயரும் வைக்க வேண்டும். இது இன்னார் பெற்ற பிள்ளை இல்லை, யாரோ குப்பையில் போட்டது என்று எமன் ஏமாந்துவிடுவான் என்பது கணக்கு. தவிட்டுக்கு வாங்கின பிள்ளை என்று எல்லாப் பிள்ளைகளையும்தான் கேலி செய்வார்கள். என் விஷயத்தில் அது கேலி இல்லை, நிஜம்.

எடுப்பதற்கு ஆறு பிள்ளை பெற்ற மாடிவீட்டு அம்மாளிடம் சொல்லி வைத்திருந்தார்கள். பதினோராம் நாள் காலையில் என் அத்தை முறத்தை வைத்துவிட்டு ஒதுங்கி நின்றாள். மாடிவீட்டம்மாள் வெற்றிலை போட்டுக்கொண்டு வருவதற்குள், விஷயமே தெரியாத எதிர்வீட்டம்மா தன் வீட்டுக் குப்பைக்கூடையோடு அங்கே வந்துவிட்டாள். கல்யாணமாகி எட்டு வருஷம், குழந்தை இல்லை. கூடையைக் கீழே போட்டுவிட்டு என்னை எடுத்து மார்போடு சேர்த்துக்கொண்டாள். பிள்ளையில்லாதவள் கை பட்டால் செல்லுமா என்று பெண்கள் கூடிப் பேசினார்கள். முதலில் எடுத்தவளே எடுத்தவள், மாற்ற முடியாது என்று மருத்துவச்சி சொல்லிவிட்டாள். அம்மா தவிட்டுப் படியோடு கொல்லை வாசலில் நின்றாள். எதிர்வீட்டம்மா என்னைக் கொடுக்க அரை மணி நேரம் எடுத்துக்கொண்டாளாம். அதைச் சொல்லித் தெரு சிரிக்கும். நானும் கூடச் சேர்ந்து சிரித்திருக்கிறேன். இன்று அந்த அரை மணி நேரத்தை நினைத்தால் சிரிப்பு வரவில்லை.

அவர்கள் வழக்கத்திலும் குப்பையில் எடுத்த பிள்ளைக்கு ஒரு பெயர் உண்டு. அதையே எனக்கு வைத்தாள். தமிழ் வீட்டில் எடுத்திருந்தால் குப்பம்மா ஆகியிருப்பேன், அவ்வளவுதான் வித்தியாசம்.

நான் அவளைப் பெத்தம்மா என்பேன். தெலுங்கில் பெரியம்மா. பள்ளிவிட்டு வந்ததும் நேராக அவள் வீட்டுக்குத்தான். அவளிடம் ஒரு பித்தளைக் கிண்ணம் இருந்தது. வாய் ஒரு பக்கம் நெளிந்தது. அதில் விளக்கெண்ணெய் எடுத்துக்கொண்டு வாசலில் நின்று என் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவாள். இரண்டாவது எழுத்தை இழுத்து, கடைசியை மேலே தூக்கிக் கூப்பிடுவாள். தறிச் சத்தத்தையெல்லாம் தாண்டி எனக்குக் கேட்கும். தலையில் எண்ணெய் வைத்து, சிடுக்கு எடுத்து, நெற்றியில் விழும் மயிரை ஊதி ஊதி வாரிவிடுவாள். அந்த வீட்டில் பட்டு நனைத்த வாடையும் கறிவேப்பிலைப் பொடி வாடையும் கலந்திருக்கும்.

எந்நேரமும் தெலுங்கு பேசுகிற அவள் வீட்டில் வளைய வந்தும், என் பெயரின் அர்த்தம் ஒன்பது வயது முடியும் வரை எனக்குத் தெரியாது. ஊரிலிருந்து வந்திருந்த அவள் தம்பி ஒரு நாள் தறிக்குழியைக் கூட்டினார். அள்ளியதை எங்கே கொட்டுவது என்று கேட்டபோது என் பெயரின் முன்பாதியைச் சொன்னார். நான் திரும்பிப் பார்த்தேன். அவர் தெருக்கோடிக் குப்பைமேட்டைக் கையால் காட்டிக்கொண்டிருந்தார். பெத்தம்மா சட்டென்று ஏதோ அதட்டினாள். அவளுக்கு முகம் சிவந்துவிட்டது. என் காதுபட அவள் எப்போதும் குப்பை என்று தமிழில்தான் சொல்லியிருக்கிறாள் என்பது எனக்கு உறைக்க இன்னும் நாற்பது வருஷம் பிடித்தது. அன்று உறைத்தது ஒன்றுதான். இத்தனை வருஷமாக இவள் என்னை எண்ணெய்க் கிண்ணத்தோடு குப்பைமேடே, குப்பைமேடே என்று கூப்பிட்டிருக்கிறாள்.

பால்காரர் மகளிடம் மட்டும் சொன்னேன். அவள் என் வகுப்பு. அவளுக்கும் விசித்திரப் பெயர்தான், பக்கிரியம்மா. தர்காவில் வேண்டிக்கொண்டு பிறந்ததால் வைத்தது. பக்கிரி என்றால் பிச்சை எடுத்துத் திரியும் சாமியார் என்று அவள் அப்பாவே அவளுக்குச் சொல்லியிருந்தார். அவளுக்கு அதில் வருத்தம் ஒன்றும் இல்லை. "நான் பிச்சக்காரி, நீ குப்பமேடு. ரெண்டு பேரும் ஒண்ணாவே குந்திக்கினு இருக்கலாம் வாடி," என்றாள். எனக்கு அழுகை வந்தது.

அந்த வருஷம்தான் ஐந்தாம் வகுப்பு. ஆட்சி மாறிய சமயம். தெருவெல்லாம் தமிழ், தமிழ் என்று பேச்சு. எங்கள் வாத்தியார் தன் பெயரையே தமிழாக்கிக்கொண்டவர். சம்பளப் பட்டியலில் மட்டும் பழைய பெயர் இருந்ததாகச் சொல்வார்கள். சாதிப் பெயரை வால் என்பார். பெரிய பள்ளிக்கூடத்துக்குப் போகும்முன் எங்கள் சான்றிதழை எழுத ஆரம்பித்தபோது, ஒவ்வொருவர் பெயரையும் கேட்டு, இது வடமொழி, இது உருது என்று பிரித்தார். என் பெயரைச் சொன்னதும் பேனாவை மூடி வைத்துவிட்டார். இந்தத் தாளில் என்ன எழுதுகிறோமோ அதுதான் சாகும் வரைக்கும், சனிக்கிழமைக்குள் வீட்டில் கேட்டு வந்தால் நல்ல பெயராக எழுதித் தருகிறேன் என்றார். ஒரு துண்டுச் சீட்டில் மூன்று பெயர் எழுதிக் கொடுத்தார். மூன்றிலும் நிலாவோ மலரோ இருந்தது. அந்தச் சீட்டை ஜியாமெட்ரி பெட்டிக்குள் வைத்து, திறந்து திறந்து பார்த்தேன். எனக்கு அந்தப் பெயர் வேண்டும் என்று இருந்த ஆசையை இப்போது எப்படிச் சொல்வது? பசிபோல இருந்தது.

அப்பா தறிக்குப் பாவு நூல் ஏற்றும் வேலையில் இருந்தார். அம்மாவைக் கேள் என்றார். அம்மா நூல் சுற்றிக்கொண்டிருந்தாள். ராட்டினத்தை நிறுத்தவில்லை.

"அந்தப் பேர்லதான்டி நீ நிக்கற," என்றாள். "அத எடுத்தா என்னா ஆவும்னு எனக்குத் தெரியாது. என்னால ஆவாதும்மா."

நான் சாப்பிடாமல் இரண்டு நாள் கிடந்தேன். மூன்றாம் நாள் வெள்ளிக்கிழமை. அம்மா தோற்றுப்போன குரலில், வைத்தவள்தான் எடுக்க முடியும், பெற்றவளுக்கு அந்தப் பெயரில் பாத்தியதை இல்லை என்றாள். பெத்தம்மாவே மனமுவந்து எடுத்துக்கொண்டால் தான் குறுக்கே நிற்கவில்லை என்றும் சொன்னாள். சொல்லிவிட்டு முந்தானையால் முகத்தைத் துடைத்தாள்.

என் மண்டையில் ஒரு கணக்குத் தோன்றியது. தவிடு போன வழியில்தானே பெயர் வந்தது? அப்படியானால் தவிடு கொடுத்தால் பெயர் போகும். பால்காரர் மகளுக்கு, சேர்த்து வைத்திருந்த ஜரிகைத் துண்டு அத்தனையும் கொடுத்து ஒரு படி தவிடு வாங்கினேன். சனிக்கிழமை விடிந்ததும் தூக்கிக்கொண்டு கிளம்பினேன்.

அன்று பார்த்துத் தெரு நீளத்துக்குப் பாவு நூல் நீட்டியிருந்தார்கள். உங்களுக்கு நினைவிருக்கும், பாவு நீட்டியிருந்தால் தெரு இரண்டாகிவிடும். எதிர்வீட்டுக்குப் போக ஒன்று கோடி வரைக்கும் சுற்ற வேண்டும், இல்லையென்றால் நூலுக்குக் கீழே குனிந்து போக வேண்டும். நான் குனிந்தேன். பாதித் தவிடு கொட்டியது. மண்ணோடு வழித்துப் படியில் போட்டுக்கொண்டேன். கஞ்சி போட்ட பட்டின் ஈரம் முதுகில் பட்டது.

பெத்தம்மா அடுப்படியில் உட்கார்ந்திருந்தாள். முகம் வெளுத்திருந்தது. பக்கத்தில் ஒரு எலுமிச்சம்பழம். படியை அவள் முன்னால் வைத்தேன்.

"ஏமே இது?" என்றாள்.

"தவிடு. பேர எடுத்துக்க பெத்தம்மா. எனக்கு வேற பேரு எழுதப் போறாங்க."

அவள் படிக்குள் விரலை விட்டுப் பார்த்தாள். விரலில் ஒட்டிய மண்ணைப் பார்த்தாள்.

"உங்கம்மா குடுத்து அனுப்சாங்களா?"

இல்லை என்று சொல்லியிருக்கலாம். நானாகத்தான் வந்தேன் என்றால் ஓடு என்று விரட்டிவிடுவாளோ என்று பயம். பத்து மணிக்குள் சீட்டு வாத்தியாரிடம் போக வேண்டும். ஆமாம் என்றேன்.

"சரி," என்றாள் பெத்தம்மா. "எடுத்துக்கினேன்னு போய்ச் சொல்லு."

வீட்டுக்கு ஓடிவந்து, பெத்தம்மா பெயரைத் திருப்பி எடுத்துக்கொண்டாள் என்று அம்மாவிடம் சொன்னேன். நீ கேட்டாயா, அவளாகவே சொன்னாளா என்றாள் அம்மா. நான் கேட்டேன் என்றால் இன்னும் நூறு கேள்வி வரும். அவளாகத்தான் என்றேன். அம்மா ராட்டினத்தை நிறுத்தினாள். பிறகு அப்பாவிடம், "வயித்துல ஒண்ணு தங்கினதும் என் புள்ளைக்கு வச்ச பேரு பாரமாப் போச்சு அவளுக்கு," என்றாள். பெத்தம்மா முழுகாமல் இருக்கிறாள் என்பதையே நான் அப்போதுதான் அறிந்தேன்.

பள்ளிக்கு அம்மாவும் வந்தாள். தலைமையாசிரியை தகப்பன் பெயர் கேட்டார். புருஷன் பெயரை அம்மா வாயால் சொல்ல மாட்டாள். என்னைப் பார்த்தாள், நான் சொன்னேன். மகள் பெயர் கேட்டார். அதற்கும் அம்மா என்னைத்தான் பார்த்தாள். புதுப் பெயரையும் நானேதான் சொன்னேன். ஆக என் பெயர் பெற்றவள் சொன்னதும் இல்லை, கண்டெடுத்தவள் சொன்னதும் இல்லை. அது என்னவென்று கேட்கிறீர்களா? ஆதார் அட்டையில் இருக்கிறது, அதைவிட அதிகமாக அதைப்பற்றிச் சொல்ல ஒன்றும் இல்லை.

அதற்குப் பிறகு நடந்ததுதான் எனக்கு விளங்கவே இல்லை. இரண்டு வீட்டுக்கும் பேச்சு நின்றுபோனது. சண்டை என்று ஒரு வார்த்தை கிடையாது. குழாயடியில் பார்த்தால் இருவரும் குடத்தைப் பார்ப்பார்கள். ஆடு பகை, குட்டி உறவு என்பார்களே, அதுகூட இல்லை. பெத்தம்மா என்னைக் கூப்பிடவில்லை. எந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவாள்? சாயங்காலங்களில் எண்ணெய் வைக்க ஆளில்லாமல் என் தலை வறண்டு கிடந்தது. அம்மாவும் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை. பழையது போய்விட்டது, புதியது அவள் வாயில் வரவில்லை. ஏம்மா, இவளே, இங்க பாரு என்றுதான். பள்ளிக்கூடத்தில் வருகைப் பதிவேடு கூப்பிடும்போது மட்டும் எனக்குப் பெயர் இருந்தது. அதற்கும் சில நாள் உள்ளேன் ஐயா சொல்ல மறந்துபோவேன். நான் கேட்டதுதான் கிடைத்தது. சந்தோஷமாக இருக்க வேண்டியவள் ஏன் அழுகிறேன் என்று எனக்கே தெரியாமல் கிணற்றடியில் போய் அழுவேன். என் பொய் இரண்டும் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டு எதிரெதிர் வீட்டில் உட்கார்ந்திருக்கின்றன என்பது பத்து வயதில் தெரிந்திருந்தால்தானே?

ஐப்பசியில் பெத்தம்மாவுக்குப் பெண் பிறந்தது. அதற்கு முன்னால் தாய்வீட்டில் இரண்டு, மூச்சில்லாமல் பிறந்து போயிருந்தனவாம். பிள்ளையில்லாதவள் என்று தெரு சொன்னதெல்லாம் அரைகுறைப் பேச்சு. குழந்தைக்குப் பெயர் வைக்கிற நாளன்று, அவள் தம்பி எங்கள் வீட்டு வாசலில் ஒரு படி தவிட்டை வைத்துவிட்டு ஒன்றும் பேசாமல் போனார். தலைதட்டி, தூசு இல்லாமல் சலித்த தவிடு.

"நமக்கேது மாடு?" என்றார் அப்பா.

அம்மா அந்தப் படியை வெறித்துப் பார்த்தாள். "பத்து வருஷம் கழிச்சு நான் குடுத்தத திருப்பறா. ஒட்டும் இல்ல ஒறவும் இல்லன்னு சொல்றா, வேற என்னா," என்றாள். தவிட்டைப் பால்காரர் வீட்டுக்குக் கொடுத்தனுப்பினாள்.

சாயங்காலம் அந்தக் குழந்தையின் பெயர் தெரு முழுக்கத் தெரிந்துவிட்டது. என் பெயர். விலை கொடுத்துத்தான் வாங்கியிருக்கிறாள். இரண்டைப் பறிகொடுத்தவள், ஒரு பிள்ளையைப் பத்து வருஷம் காத்துக் காட்டிய பெயரைவிட நல்லதாக வேறு எதைத் தேடுவாள்? இதெல்லாம் இன்றைய அறிவு. அன்று எனக்கு வந்தது வெறும் ஆத்திரம். நான் வேண்டாம் என்று போட்டதுதான், இருந்தாலும் அது என்னுடையது. பால்காரர் மகளிடம் சொல்லி முறையிட்டேன். "குப்பைல போட்டத யார் வேணா எடுக்கலாம்," என்றாள் அவள்.

ஒரு வருஷம் ஓடியது. குழந்தை தவழ்ந்து, பிடித்துக்கொண்டு நிற்கத் தொடங்கியிருந்தது. ஒரு நாள் பொழுது சாயும் நேரம். நான் உள்ளே ஏழாம் வகுப்பு பூகோளம் படித்துக்கொண்டிருந்தேன். தெருவில் அந்தக் குரல் கேட்டது. இரண்டாவது எழுத்தை இழுத்து, கடைசியை மேலே தூக்கி.

எனக்குத் தெரியும், அது என்னை இல்லை. தெரிந்தேதான் ஓடினேன். புத்தகம் எங்கே விழுந்தது என்று பார்க்கவில்லை. தெருவின் பாதியில் போய் நின்றேன். எதிர்வாசலில் பெத்தம்மா, கையில் அந்த வாய் நெளிந்த கிண்ணம். வாசற்படியைப் பிடித்துக்கொண்டு நின்ற குழந்தை அவள் பக்கம் திரும்பிச் சிரித்தது. பெத்தம்மா என்னைப் பார்த்தாள்.

"என்னாமா?" என்றாள். ஒன்றரை வருஷத்துக்குப் பிறகு என்னிடம் பேசிய முதல் வார்த்தை.

"தண்ணி புடிக்கப் போறேன்," என்றேன்.

அவள் என் கைகளைப் பார்த்தாள். குடம் இல்லை. நானும் அப்போதுதான் என் கைகளைப் பார்த்தேன். என் வறண்ட தலையையும் அவள் பார்த்திருப்பாள். கிண்ணத்தை மெதுவாகப் படிமேல் வைத்தாள்.

"அன்னிக்கு அந்தத் தவிடு," என்றாள், "உங்கம்மா அனுப்பலதானே?"

ஆமாம் என்று தலையை ஆட்டினேன். அடிப்பாள் என்று நினைத்தேன். அவள் குழந்தையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். என்னைத் தாண்டி, நேராக எங்கள் வீட்டுக்குள் போனாள். உள்ளே ராட்டினச் சத்தம் நின்றது. அப்புறம் இரண்டு பெண்கள் ஒரே சமயத்தில் பேச, ஒரே சமயத்தில் மூக்கை உறிஞ்ச, நடுவில் குழந்தை அழ ஆரம்பித்தது. அம்மா அதை அந்தப் பெயராலேயே கொஞ்சிச் சமாதானப்படுத்தினாள். அந்தப் பெயர் அவள் வாயில் எவ்வளவு சுலபமாக வந்தது.

நான் தெருவிலேயே நின்றேன். அந்த வீட்டில் ஆளில்லை. இந்த வீட்டுக்குள் போனால் என்ன கிடைக்குமோ தெரியாது.

அப்போது உள்ளேயிருந்து அம்மா, பெத்தம்மாவுக்குத் தண்ணீர் கொண்டுவரச் சொல்லி என்னைக் கூப்பிட்டாள். முதல் தடவையாகப் புதுப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள். நான் திரும்பித் தெருவைப் பார்த்தேன், யாரைக் கூப்பிடுகிறாள் என்று.